ஏத்து என்றால் எதை

கண்ணாடியில் முகம் பார்க்கிறவர்கள் ஊர் நிறைய உண்டு. கண்ணாடியையே நின்று பார்க்கிறவர் ஏத்தி ஒருவர்தான். குடும்பத்தோடு கடைவீதிக்குப் போனால் பத்தடிக்கு ஒரு தரம் நின்றுவிடுவார். துணிக்கடை முகப்பு, மருந்துக்கடைக் கதவு, முடிதிருத்தும் கடையின் பக்கச்சுவர் என்று எதையும் விடமாட்டார். விரலை மடக்கி மெல்லத் தட்டி, காதைக் கொடுத்துக் கேட்டு, "இது நான் வெச்சது" என்பார். உள்ளே இருப்பவர்கள் யாரோ கூப்பிடுகிறார்கள் என்று திரும்பிப் பார்ப்பார்கள். மனைவி அதற்குள் நாலு கடை தள்ளிப் போயிருப்பாள். மகள் மட்டும் பக்கத்தில் நின்று, "அப்பா, மானத்த வாங்காதீங்க" என்று பல்லைக் கடிப்பாள்.

"என்ன மானம் போச்சு இப்ப? அங்க கண்ணாடி இருக்கிறது உனக்குத் தெரியுதா?"

"தெரியல."

"தெரியாம இருக்கணும். அப்பத்தான் அது சரியா வெச்ச கண்ணாடி."

அவர் வைத்த கண்ணாடியில் யாராவது மூக்கை இடித்துக்கொண்டார்கள் என்று கேள்விப்பட்டால், மூக்குக்காக உச்சுக்கொட்டிவிட்டுக் கண்ணாடிக்காகச் சந்தோஷப்படுவார். அப்படி ஒரு பெருமை. வேலையில் பெருமை இல்லாதவன் கூலிக்காரன், இருப்பவன் தொழில்காரன் என்பது அவர் கட்சி. அதில் எனக்கும் மாற்றுக் கருத்து இல்லை.

கண்ணாடிக் கடையில் அவருடைய வேலை முன்பிடி. ஆளுயரத்துக்கு மேற்பட்ட கண்ணாடியை லாரியிலிருந்து இறக்கி நிமிர்த்தித் தூக்கிப் போகும்போது முன்னால் பிடிப்பவர் முன்பிடி, பின்னால் பிடிப்பவர் பின்பிடி. ஒரு கை அடிவிளிம்பில், இன்னொரு கை பக்க விளிம்பில். கண்ணாடி மார்போடும் வயிற்றோடும் சாய்ந்து வரும். முன்பிடிக்கு வழி தெரியும், கீழ்மூலை தெரியாது. அதைப் பார்த்துச் சொல்ல வேண்டியவர் பின்பிடி. "ஏத்து" என்றால் முன்பிடி உயர்த்த வேண்டும், "எறக்கு" என்றால் தாழ்த்த வேண்டும். இதில் யோசனைக்கு இடமே இல்லை. காது கேட்டதைக் கை செய்ய வேண்டும்.

ஏத்தியின் பின்பிடி அவருடைய பழைய சிநேகிதர். சோடாப்புட்டிக் கண்ணாடி போட்டவர் என்பதால் ஊர் அவரைச் சோடா என்றே கூப்பிட்டது. கண் வேண்டிய இடத்தில் இந்த ஆளைப் போய் நிறுத்தியிருக்கிறார்களே என்று புதிதாக வேலைக்கு வருகிறவர்கள் சிரிப்பார்கள். சோடா மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தபடி, "நான் பொறந்ததுலேருந்து கண்ணாடி வழியாத்தான் பாக்கிறேன். எனக்குத் தெரியாத கண்ணாடியா?" என்பார். இருவரும் சேர்ந்து தூக்கி ஒரு கண்ணாடிகூட உடைந்ததில்லை. கடையில் புதுத் தொழிலாளிகளிடம் முதலாளியம்மா முதல் நாள் சொல்லும் வார்த்தையே, "ஏத்தியும் சோடாவும் நடக்கிறதப் பாருங்க" என்பதுதான்.

குறை என்று ஒன்று இல்லாத மனிதன் உண்டா? ஏத்திக்குக் கடவுள் எல்லாவற்றையும் கொடுத்தார், இடுப்பைக் கொடுக்க மறந்துவிட்டார். முன்னால் வயிறு, பின்னால் தட்டைப் பலகை. கால்சட்டை தங்கி நிற்க ஏதாவது ஒரு மேடு வேண்டும் அல்லவா, அது எந்தப் பக்கமும் இல்லை. வயிற்றுக்கு மேலே கட்டினால் வழுக்கிக் கீழே வரும். கீழே கட்டினால் அது ஏற்கெனவே கீழே இருக்கிறது. போதாக்குறைக்குப் பைகளில் அளவு நாடா, கண்ணாடி விளிம்புக்கு மக்குப் பூசும் கத்தி, ரப்பர் சுத்தியல் என்று கனம் வேறு. பால்குடி மறந்த நாளிலிருந்து இதே கதைதான். அம்மா வாசலில் நின்று "ஏத்துடா, ஏத்து" என்று கத்துவாள். வகுப்பில் வாத்தியார் பிரம்பால் இடுப்பைக் காட்டி "ஏத்து" என்பார். கூட விளையாடியவர்கள் சும்மா இருப்பார்களா? அதையே பெயராக்கிவிட்டார்கள். வைத்த பெயர் அடையாள அட்டையோடு நின்றுபோனது.

ஒரு பெல்ட் போட்டால் தீர்ந்தது என்று நீங்கள் சொல்வீர்கள். ஊரும் அதைத்தான் சொன்னது. ஆனால் கண்ணாடி தூக்குகிறவன் பெல்ட் போடக் கூடாது. வயிற்றோடு சாய்ந்து வருகிற கண்ணாடியில் பக்கிள் ஒரு தேய்ப்புத் தேய்த்தால் போதும், கோடு விழுந்துவிடும். விழுந்த கோடு கெட்ட பெயர் மாதிரி, எதைப் போட்டுத் துடைத்தாலும் போகாது. ஆகவே கடையில் மோதிரம், கைக்கடிகாரம், பெல்ட் எதற்கும் அனுமதி இல்லை. மற்றவர்களுக்கு இடுப்பு இருந்தது, பிழைத்துக்கொண்டார்கள். ஏத்தி தொடையை அகட்டி வாத்து நடை நடந்து, கண்ணாடியை இறக்கி வைத்த மறுகணம் இரண்டு கையாலும் கால்சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு காலத்தை ஓட்டினார். வயது ஏற ஏற வயிறும் ஏறியது. கால்சட்டை மட்டும் இறங்கியது.

ரொட்டிக்கடைக்குக் கண்ணாடி வைக்கப் போன அன்று விதி வாசற்படியில் உட்கார்ந்திருந்தது.

லாரியிலிருந்து இறங்கும்போதே கால்சட்டை பாதி வழி வந்துவிட்டது. இன்னும் நாலடிதானே என்று ஏத்தி தொடையை இறுக்கிக்கொண்டு நடந்தார். படி வந்தது. அவர் ஏறிவிட்டார். கண்ணாடியின் கீழ்மூலை படியின் விளிம்பை நோக்கிப் போவதைப் பின்னாலிருந்து சோடா பார்த்தார்.

"ஏத்து!"

சோடா கண்ணாடியைச் சொன்னார். ஏத்தியின் காதில் அம்மா சொன்னாள், வாத்தியார் சொன்னார். இடுப்புத் துணி நழுவினால் கை தானாகப் போகும், அதற்கு யாரும் சொல்லித் தர வேண்டாம். அவருக்கோ சொல்லியும் தந்திருந்தார்கள். அடிவிளிம்பில் இருந்த கை பாய்ந்துபோய்க் கால்சட்டையைப் பிடித்தது.

'டிக்' என்று ஒரு சின்னச் சத்தம். மூலையிலிருந்து மூலைக்கு ஒரு கோடு ஓடியது. யாருக்கும் காயமில்லை. ரொட்டிக்கடைப் பெண்கள் முதலில் சிரித்தார்கள், பிறகு அவர் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டார்கள். ஒரு கையில் தொழில், ஒரு கையில் மானம் என்று ஏத்தி படிமேல் நின்றார். மானம் பிழைத்திருந்தது. தொழில் விரிசல் விட்டிருந்தது.

"நீ பேண்டைச் சொல்றேன்னு நெனச்சேன்டா," என்றார் திரும்பி வரும்போது லாரியில்.

"கண்ணாடியத் தூக்கிட்டுப் போகும்போது நான் எதுக்குடா உன் பேண்டைப் பத்திப் பேசப்போறேன்?" என்று சோடா எரிந்து விழுந்தார். கொஞ்ச தூரம் போன பிறகு குரல் இறங்கியது. "பேசியிருக்கேன்தான். டீ குடிக்கிறப்ப எல்லாம் ஏத்துடா ஏத்துடான்னு உன்னக் கிண்டல் பண்ணினவனே நான்தான். ரெண்டுக்கும் ஒரே வார்த்தைங்கிறது எனக்கும் உறைக்கல."

முதலாளியம்மா திட்டவில்லை. திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். அப்பா காலத்திலிருந்து கண்ணாடியோடு வளர்ந்தவள், கட்டைவிரலில் பழைய தழும்பு உண்டு. அந்த விரலை மேசையில் தட்டிக்கொண்டே பேசினாள்.

"கண்ணாடிக் கடையில கண்ணாடி ஒடையறது ஒரு சேதியே இல்ல. ஆனா நீங்க கைய எடுத்தீங்க. கை எடுக்கிற ஆள நான் முன்பிடியில விட முடியாது. அடுத்த தடவ மூலை படியில இடிக்காது, யார் கால்லயாவது விழும். நீங்க வெட்டு மேசைக்கு வந்துடுங்க."

வெட்டு மேசை ஒன்றும் தண்டனை இல்லை. நிழல், மின்விசிறி, நின்ற இடத்தில் வேலை. ஆனால் ஏத்திக்கு மனம் ஒப்பவில்லை. மேசையில் வெட்டுகிறவனிடம் கண்ணாடி வரும், போகும். எந்தக் கடை வாசலில் நின்று, எதைத் தட்டி, நான் வைத்தது என்று சொல்ல முடியும்? அதோடு, புதிதாகக் கட்டுகிற பொது நூலகத்தின் முகப்புக்கு ஒரு கண்ணாடி வரவிருந்தது. அந்தக் கடை இதுவரை தொட்டிராத அளவு. வரைபடத்தைப் பார்த்த நாளிலிருந்து ஏத்தி அந்தக் கட்டடத்தை நாலு முறை சுற்றி வந்திருந்தார்.

"நூலகக் கண்ணாடிய மட்டும் நான் பிடிக்கிறேம்மா. அதுக்கப்புறம் மேசைன்னாலும் சரி, மூலைன்னாலும் சரி."

அவள் அவர் இடுப்பைப் பார்த்தாள். பிறகு முகத்தைப் பார்த்தாள்.

"அதுக்குள்ள அந்தப் பேண்டுக்கு ஒரு வழி பண்ணுங்க. பக்கிள் கூடாது, கொக்கி கூடாது, உடம்புல இரும்புன்னு ஒண்ணும் கூடாது. அன்னிக்குக் காலையில ஒரு மரப்பலகையத் தூக்கிட்டு என் முன்னால நடங்க. நானே 'ஏத்து'ன்னு சொல்லுவேன். கை போச்சுன்னா, பேச்சே இல்ல."

ஆக, ஒரு மனிதனின் தொழில், பெருமை, நூலகக் கண்ணாடி எல்லாமாகச் சேர்ந்து ஒரு கால்சட்டையில் தொங்கிக்கொண்டிருந்தன.

அன்றைக்கு மாலையே வீட்டில் மாநாடு கூடிவிட்டது. யோசனை சொல்ல மட்டும் ஊரில் ஆளுக்குப் பஞ்சமே கிடையாது. மைத்துனன் பிளாஸ்டிக் பக்கிள் வைத்த பெல்ட் ஒன்றோடு வந்தான்.

"மாமா, இதுல இரும்பே இல்ல. சும்மா போட்டுப் பாருங்க."

போட்டுப் பார்த்தார். நின்றபோது நன்றாகவே இருந்தது. குனிந்து சமையலறை மேசையைத் தூக்கியதும் வயிறு ஒரு பக்கம் ஒதுங்கியது, பெல்ட் இன்னொரு பக்கம் போனது, கால்சட்டை தன் வழியைப் பார்த்துக்கொண்டு இறங்கியது. இன்னும் ஒரு துளை இறுக்கினார். இப்போது கால்சட்டை நின்றது, மூச்சு நின்றுவிடும்போல் இருந்தது. "மாமாவுக்கு முகம் செவந்து ஒரு களை வந்துடுச்சு," என்றான் மைத்துனன். அவனை முறைக்கக்கூட ஏத்தியிடம் மூச்சு இல்லை.

நாடா கட்டிப் பார்த்தார். அது இறங்கவில்லை, அவசரத்துக்கு அவிழவும் இல்லை. கழிவறை வாசலில் அவர் பட்ட பாட்டை இங்கே விவரிக்கப் போவதில்லை. இடுப்பில் எலாஸ்டிக் வைத்துத் தைத்துப் பார்த்தார்கள். சுற்றிலும் சிவப்பாகத் தடம் விழுந்ததுதான் மிச்சம். சுத்தியல் கனத்துக்கு எலாஸ்டிக் எம்மாத்திரம்? மகள் கடையிலிருந்து ஒரு தோள்வார் வாங்கி வந்தாள்.

"இதுக்குப் பேரு சஸ்பெண்டர்ப்பா."

"ஏற்கெனவே சஸ்பெண்டு ஆன மாதிரிதான் இருக்கேன். இதுல சஸ்பெண்டர் வேறயா?" என்று ஏத்தி முகத்தைத் திருப்பிக்கொண்டார். "கோமாளிங்க போடறது. எனக்கு வேணாம்."

அதன் முனைகளில் பல் வைத்த இரும்புக் கவ்விகள் இருந்தன. மகள் விடாப்பிடியாக மாட்டிவிட்டாள். குனிந்ததும் பின்கவ்வி கழன்று, தோளைத் தாண்டி வந்து, அவர் முகவாயில் ஒன்று வைத்தது. பெண்ணைப் பெற்றவர் பொறுமையாகத்தான் இருக்க வேண்டும். அதைக் கழற்றி மேசைமேல் வைத்துவிட்டுப் பேசாமல் போய்ப் படுத்துக்கொண்டார்.

அவர் படுத்த பிறகு அந்த வாரைக் கையில் எடுத்துப் பார்த்தது அவர் மனைவி.

அவள் பை தைக்கிற பட்டறையில் வேலை செய்தாள். பள்ளிக்கூடப் பை, பயணப் பை, கருவிப் பை என்று எது வந்தாலும் தோள்வார் தைப்பது அவள் கை. பை கிழிந்தாலும் அவள் தைத்த வார் கிழியாது என்று பட்டறையில் பேச்சு. அவள் அதைப் பற்றிப் பீற்றிக்கொண்டதே இல்லை. பீற்றிக்கொள்ள வீட்டில் ஏற்கெனவே ஓர் ஆள் இருந்ததால் இடம் போதவில்லை என்றுதான் சொல்ல வேண்டும்.

மறுநாள் காலையில் காபியை அவர் முன் வைத்துவிட்டுக் கேட்டாள். "ஏங்க, நீங்க கனமான கண்ணாடியத் தூக்கறப்ப பட்டை போடுவீங்களே, அத எங்க மாட்டுவீங்க?"

"தோள்லதான். ஏன்?"

"இடுப்புல மாட்டறதில்லையா?"

"இடுப்பு எங்க தாங்கும்? கனம்னா தோள்தான் தாங்கும். இதுகூடத் தெரியாம..." என்று ஆரம்பித்தவர் நிறுத்திக்கொண்டார்.

"நானும் பைக்கு அங்கதான் வெக்கிறேன்," என்றாள் அவள். "ஆயுசு முழுக்க ரெண்டு பேரும் கனத்தத் தோள்ல ஏத்திக்கிட்டே இருந்திருக்கோம். பேண்டை மட்டும் இடுப்பு பிடிக்கும்னு விட்டுட்டோம். பிடிக்கிற எடமே உங்ககிட்ட இல்லியே! இறுக்க இறுக்க அது இறங்கத்தான் செய்யும். பிடிக்க வேணாம், தொங்க விடுவோம்."

ஏத்தி காபி டம்ளரை எடுத்தார். வாயைத் திறந்தார், காபியைக் குடித்தார்.

அவள் கால்சட்டையின் இடுப்பை இறுக்குவதற்குப் பதிலாக ஒரு விரல் நுழையும்படி தளர்த்தினாள். உள்பக்கத்தில் முன்னால் நான்கு, பின்னால் இரண்டு என்று மரப்பொத்தான்கள் வைத்தாள். பைக்குப் போடும் கெட்டி நாடாவில் வார் வெட்டி, முனைகளில் பொத்தான்துளை எடுத்தாள். பின்பக்கம் இரண்டு வாரையும் குறுக்கே விட்டு, சேருமிடத்தில் தையல் போட்டாள். குறுக்கே போகாத வார் தோளை விட்டு வழுக்கும் என்பது பை தைக்கிறவளுக்குத் தெரியாதா? இரும்பு என்று ஊசிமுனை அளவுகூட இல்லை.

"சட்டைக்கு உள்ளதான் போடுவேன்," என்றார் ஏத்தி. "ஒருத்தர் கண்ணுலயும் படக் கூடாது."

"உங்க இஷ்டம்."

மாட்டிக்கொண்டு குனிந்தார். நின்றது. உட்கார்ந்தார், எழுந்தார், மேசையைத் தூக்கினார். நின்றது. பைகளில் சுத்தியல், கத்தி எல்லாவற்றையும் போட்டுக்கொண்டு வீட்டுக்குள் ஓடினார். கால்சட்டை அவர் கூடவே ஓடியது. இத்தனை வயதுக்கு அப்புறம் அது முதல் தடவை. அந்த மனிதர் கண் கலங்கிவிட்டது என்றால் சிரிக்காதீர்கள். ஆடையில்லாதவன் அரை மனிதன் என்பார்கள். எந்த நேரம் ஆடை போகுமோ என்று பயந்துகொண்டே இருப்பவன் எத்தனை மனிதன் என்று யாரும் கணக்குச் சொன்னதில்லை.

சந்தோஷம் ராத்திரிச் சாப்பாடு வரைக்கும்கூட இருக்கவில்லை. மகள் ஒரு பழைய கதவுப் பலகையின் பின்முனையைப் பிடித்துக்கொண்டு அப்பாவை நடக்கச் சொன்னாள். நடுக்கூடத்தில் "ஏத்து!" என்றாள்.

கை பாய்ந்துபோய்க் கால்சட்டையைப் பிடித்தது. பலகை மகளின் கால்விரலுக்கு அருகில் விழுந்தது.

மறுபடி நடந்தார்கள். மறுபடியும் கை போனது. கால்சட்டை அசையவே இல்லை, இருந்தும் கை போனது. சோடா வந்து சொல்லிப் பார்த்தார். "டேய், அதான் நிக்குதேடா! எதுக்குடா பிடிக்கிறே?"

"எனக்குத் தெரியுது. கைக்குத் தெரியலையே!"

தொட்டில் பழக்கம் சுடுகாடு மட்டும் என்பது சும்மா சொன்னதில்லை. நாள் நெருங்கிக்கொண்டிருந்தது. தட்டில் சாதம் இருக்கும்போது மனைவி சாதாரணமாக "ஏத்து" என்பாள், கை தட்டை விட்டுவிட்டு இடுப்புக்குப் போகும். பல் துலக்கும்போது மகள் சொல்வாள், தூரிகை கீழே விழும். ஏத்தி சுவரில் சாய்ந்து உட்கார்ந்துவிட்டார்.

"முதலாளியம்மா சொன்னதுதான் சரி. கெட்டது பேண்டு இல்ல, என் கை. மேசைக்கே போயிடறேன்."

மனைவி அவர் பக்கத்தில் உட்கார்ந்து, அவருடைய சட்டைக் காலருக்குள் விரலை விட்டு வாரைத் தடவிப் பார்த்தாள்.

"இது தோள்ல இருக்கிறது உங்களுக்குத் தெரியுதா?"

"தெரியவே இல்ல. போட்டிருக்கேன்னே மறந்துபோகுது. அவ்வளவு மெத்துனு இருக்கு."

அவள் வாரை இன்னொரு தரம் அழுத்திப் பார்த்தாள். மெத்தென்று இருப்பதுதான் அவளுடைய கைவேலை. வாருக்குள் பஞ்சு வைத்து, விளிம்பை மடித்து, குழந்தைகள் தோளில் உறுத்தாதபடி தைப்பதில்தான் அவள் பெயர் வாங்கியிருந்தாள். புருஷனுக்கு என்று இரண்டு பங்கு பஞ்சு வைத்திருந்தாள்.

"தப்பு என்னோடதுங்க," என்றாள். "இருக்கா இருக்கான்னு தெரியாமத்தான் கை போய்ப் பாக்குது. கண்ணாடி இருக்கிறது தெரியக் கூடாதுன்னு நீங்க சொல்லுவீங்க. ஆனா இது இருக்கிறது தெரியணும். உறுத்தணும்."

தையலைப் பிரித்தாள். பஞ்சை உருவி எறிந்தாள். வாரைப் பாதி அகலத்துக்குக் குறைத்து, விளிம்பை மடிக்காமல் அப்படியே விட்டாள். வாழ்நாளில் அவள் தைத்த மோசமான வார் அதுதான். தைத்து முடித்ததும் முகத்தைச் சுளித்துக்கொண்டு அவரிடம் நீட்டினாள், பட்டறையில் யாரும் பார்த்துவிடக் கூடாதே என்கிற மாதிரி.

அதைப் போட்டுக்கொண்டு மேசையைத் தூக்கினார். சுத்தியலின் கனம் கால்சட்டையை இழுத்தது, கால்சட்டை வாரை இழுத்தது, வார் தோளில் நறுக்கென்று கடித்தது. "இருக்கேன்" என்று அது சொன்ன மாதிரி இருந்தது ஏத்திக்கு.

"ஏத்து!" என்றாள் மகள்.

கை இடத்தை விட்டுக் கிளம்பியது, தயங்கியது, திரும்பிவிட்டது. அடுத்த முறை துடித்ததோடு சரி. அதற்கடுத்து அசையவில்லை. மேசை மட்டும் உயர்ந்தது. மகள் கைதட்டினாள். மைத்துனன், "ஐடியா என்னோடதுதானே மாமா?" என்று கேட்டு அக்காவிடம் வாங்கிக் கட்டிக்கொண்டான்.

நூலகத்து நாள் வந்தது. முதலாளியம்மா சொன்னபடி கடை முற்றத்தில் மரப்பலகையோடு நடந்தார். அவள் எதிர்பாராத இடத்திலெல்லாம் "ஏத்து" என்றாள். பலகை ஏறியது, கை ஏறவில்லை. அவள் தலையை மட்டும் ஆட்டி, "கண்ணாடியில பாப்போம்," என்றாள்.

கண்ணாடி வந்த லாரியைப் பார்க்கவே கூட்டம் நின்றது. தூக்க நாலு பேர், முன்னால் ஏத்தி, கடைசியில் சோடா. நடுவில் இருந்த இருவரும் வேறு கடையிலிருந்து வந்தவர்கள். வேறு வார்த்தை வைத்துக்கொள்ளலாமா என்று சோடா காலையிலேயே காதோடு கேட்டிருந்தார். "வேணாம். அவங்களுக்கு அது ஒண்ணுதான் தெரியும். நீ எப்பவும் சொல்றதையே சொல்லு," என்றுவிட்டார் ஏத்தி. சாலைக்கு அந்தப் பக்கம் அவர் மனைவியும் மகளும் நின்றார்கள். மனைவி பட்டறைக்கு விடுப்புச் சொல்லிவிட்டு வந்திருந்தாள்.

நிமிர்த்தினார்கள். வானம் முழுவதும் அந்தக் கண்ணாடியில் ஏறி உட்கார்ந்தது. நடந்தார்கள். நூலகத்துக்கு அகலமான படிகள். ஏத்தி குனிந்து முதல் படியில் கால் வைத்தபோது முதுகுப்பக்கம் 'டப்' என்று ஒரு சத்தம். பின்பொத்தான் ஒன்று தெறித்து, படியில் குதித்து உருண்டு போனது. கால்சட்டை இடது பக்கம் ஒரு சாண் இறங்கியது. அவருக்கு உடம்பெல்லாம் வியர்த்தது. ஊரே பார்க்கிறது, மகள் பார்க்கிறாள். சரியாக அந்த நேரம் பார்த்துக் கீழ்மூலை படியை நெருங்கியது.

"ஏத்து!" என்று கத்தினார் சோடா.

கத்திவிட்டு அவரே கண்ணை மூடிக்கொண்டாராம். பிறகு அவர் வாயாலேயே சொன்னது.

வார் ஏத்தியின் தோளைக் கடித்தது. முன்னால் நாலும் இருக்கின்றன, பின்னால் ஒன்று இருக்கிறது. ஒன்று போனாலும் மற்றது தாங்கும்படிதான் பை தைக்கிறவள் தைப்பாள். அவள் தைத்தது விடாது. அதை அவர் நினைத்தாரா, தோள் நினைத்ததா, தெரியாது. கை இருந்த இடத்திலேயே இருந்தது. கண்ணாடி ஏறியது. மூலை படியைத் தொடாமல் காற்றில் தாண்டியது. அடுத்த படி, அதற்கடுத்த படி. சட்டத்துக்குள் போய் உட்கார்ந்து, ரப்பர் பட்டை இறங்கி, நாலு பக்கமும் கவ்விக்கொண்ட பிறகுதான் ஏத்தி கையை எடுத்தார். எடுத்த கை இடுப்புக்குப் போகவில்லை. கண்ணாடியை விரல் மடக்கித் தட்டியது.

முதலாளியம்மா அருகில் வந்தாள். கண்ணாடியை மேலும் கீழும் பார்த்தாள், அவரையும் மேலும் கீழும் பார்த்தாள். "ஒரு பக்கம் எறங்கிடுச்சு. நான் பாத்தேன். அப்பவும் கைய எடுக்கல நீங்க. முன்பிடி உங்களோடதுதான்," என்றாள். "ஆனா மிச்சம் எப்படி நிக்குது? அதச் சொல்லுங்க."

ஒருத்தர் கண்ணிலும் படக் கூடாது என்று சொன்ன மனிதர் என்ன செய்தார் தெரியுமா? கூட்டத்தின் நடுவில் சட்டைப் பொத்தான்களைக் கழற்றினார். சட்டையை உருவிச் சோடாவின் கையில் கொடுத்துவிட்டு, பனியன்மேல் வாரோடு, ஒரு பக்கம் சாய்ந்த கால்சட்டையோடு திரும்பி நின்று, முதுகில் குறுக்கே போகும் பட்டைகளை எல்லாருக்கும் காட்டினார். முன்னால் இருந்த புதுக் கண்ணாடியில் அந்தக் கோலம் ஆளுயரத்துக்குத் தெரிந்தது. வாழ்நாளில் அன்றைக்குத்தான் அவர் கண்ணாடியில் தன்னைப் பார்த்தார். கோமாளி மாதிரி இல்லை. நிமிர்ந்த ஆள் ஒருவர் நின்றார்.

"எங்க வீட்டுக்காரி தெச்சது!" என்று சாலைக்கு அந்தப் பக்கம் கேட்கும்படி சொன்னார்.

அவள் முந்தானையால் வாயை மூடிக்கொண்டாள். சிரிப்பா அழுகையா என்று மகளுக்குத் தெரியவில்லை. "அய்யோ, அத ஏன் காட்டறாரு? விளிம்புகூட மடிக்கல," என்றாள் அவள். ஆனால் நின்ற இடத்திலிருந்து நகரவில்லை.

அந்த வாரமே சோடா கேட்டார். அடுத்து நடுவில் தூக்கிய இருவரும் கேட்டார்கள். பிறகு லாரி ஓட்டுநர், சுவருக்கு வண்ணம் அடிக்கிறவர்கள், குழாய் வேலைக்காரர்கள் என்று வயிறு உள்ளவர்களும் பின்புறம் இல்லாதவர்களும் ஒவ்வொருவராக வீட்டுக் கதவைத் தட்டினார்கள். கூச்சப்பட்டு மனைவியை அனுப்பியவர்களும் உண்டு. அவள் ஒவ்வொருவர் தோளையும் கையால் அளந்து, யாருக்கு மெத்தென்று இருக்க வேண்டும், யாருக்கு உறுத்த வேண்டும் என்று பார்த்துத் தைத்துக் கொடுத்தாள்.

இப்போதெல்லாம் குடும்பம் கடைவீதிக்குப் போனால் வீடு திரும்ப இரண்டு மடங்கு நேரமாகிறது. ஏத்தி நூலகத்து முன்னால் நின்று கண்ணாடியைத் தட்டி, "இது நான் வெச்சது" என்பார். பத்தடி தள்ளி மனைவியும் நின்றுவிடுவாள். எதிரே வேலைப்பையோடு குனிந்து நிமிர்ந்து போகிற ஓர் ஆளைக் கண்ணால் காட்டுவாள்.

"அவர் உள்ள ஏதாவது போட்டிருக்கிறது தெரியுதா உங்களுக்கு?"

"தெரியலையே."

"தெரியாம இருக்கணும்," என்பாள். "அது நான் தெச்சது."

மகள் இரண்டு பேரையும் விட்டுவிட்டு நாலு கடை தள்ளிப் போயிருப்பாள். ஏத்தியால் பெருமையை அடக்க முடியாது. அந்த ஆளின் முதுகைப் பார்த்து, தெருவே திரும்பும்படி, "சார், அது எங்க வீட்டுக்காரி தெச்சது!" என்று கூவுவார். அந்த மனிதர் பதறிப்போய் இரண்டு கையாலும் இடுப்பைப் பிடிப்பார்.

"கைய எடுங்க சார்," என்பார் ஏத்தி. "அது எறங்காது."